மேலே விஷம், கீழே நல்ல தண்ணீர்

கார்ட்டூன் படத்தைப் பற்றி எழுத இந்த வயதில் உனக்கு என்ன வந்தது என்று கேட்பீர்கள். கேட்கட்டும். 1984-ல் ஜப்பானில் வந்த ஒரு படம், அதில் வரும் ஒரு காடு, அந்தக் காட்டின் அடுக்குகள் என்று ஒரு மாதமாக மனசுக்குள் ஓடிக்கொண்டிருக்கிறது. முப்பத்து நாலு வருஷம் தண்ணீரைப் பாட்டிலில் பிடித்துப் பரிசோதித்தே சம்பளம் வாங்கியவன் நான். அதனால் அந்தக் காட்டின் மேல் எனக்கு ஒரு பிரியமும் இருக்கிறது, ஒரு சண்டையும் இருக்கிறது. இரண்டையும் சொல்லிவிடுகிறேன்.

படத்தின் பெயர் 'காற்றுப் பள்ளத்தாக்கின் நௌசிகா'. எடுத்தவர் ஹயாவோ மியாசாக்கி. பேத்தி லீவில் வந்திருந்தபோது, "தாத்தா, இதுல உங்க கெமிஸ்ட்ரிதான் முழுக்க, பாருங்க" என்று போட்டுக் காட்டினாள். இரண்டு மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவான படம். என் மனைவி பாதியில் எழுந்து அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள். பூச்சி என்றால் அவளுக்கு ஆகாது, அந்தப் படத்தில் பூச்சிகள் ரயில்பெட்டி அளவில் வருகின்றன.

கதையை ரொம்ப விரிக்கமாட்டேன். மனிதன் கட்டிய பெரிய தொழில் நாகரிகம் ஏழே நாளில் நெருப்பில் அழிந்துபோய் ஆயிரம் வருஷம் ஆகிவிட்டது. மிஞ்சிய மண் எல்லாம் விஷம். அந்த விஷ மண்ணில் ஒரு காடு முளைத்துப் பரவிக்கொண்டே போகிறது. ஜப்பானிய மொழியில் அதற்கு வைத்த பேரை அப்படியே சொன்னால் 'அழுகல் கடல்'. கடல் என்று சொன்னாலும் காடுதான். பச்சை அபூர்வம். ஊதா, நீலம், சாம்பல் நிறத்தில் பூஞ்சைகள் மரம் மரமாக வளர்ந்து நிற்கின்றன. அவை விடும் காற்றை முகமூடி இல்லாமல் மூச்சில் இழுத்தால் சில நிமிஷத்தில் நுரையீரல் போய்விடும். அந்தக் காட்டுக்குப் பக்கத்தில், கடல்காற்று எப்போதும் வீசுவதால் விஷக்காற்று எட்டாத ஒரு சின்னப் பள்ளத்தாக்கு. அங்கே சில நூறு ஜனங்கள். அவர்கள் தலைவரின் மகள்தான் நௌசிகா. கிரேக்கக் காவியத்தில் வரும் ஓர் இளவரசியின் பேர் அது. அதோடு பழைய ஜப்பானியக் கதை ஒன்றில் புழு பூச்சிகளை நேசித்த ஒரு பிரபு வீட்டுப் பெண் வருவாள். இரண்டு பேரையும் சேர்த்துத்தான் மியாசாக்கி இந்தப் பெண்ணைப் படைத்தார்.

இனி அடுக்குகளுக்கு வருகிறேன்.

மேலே இருப்பது வித்துத்தூள். பெரிய பனை போல நிற்கும் ஒரு பூஞ்சை மரம் மத்தியான நேரத்தில் வித்துகளை அவிழ்த்து விடுகிறது. அது வெள்ளைத் தூளாக, பனி பெய்வது மாதிரி இறங்குகிறது. படத்தின் ஆரம்பத்தில், உதிர்ந்துபோன ஒரு பூச்சி ஓட்டிலிருந்து கண்ணாடி போன்ற கண் ஒன்றைப் பெயர்த்தெடுத்து, அதைக் குடை மாதிரி மேலே வைத்துக்கொண்டு நௌசிகா மல்லாந்து படுத்து அதைப் பார்க்கிறாள். ஒரு பொட்டு உள்ளே போனாலும் உயிர் போகும். அவளோ அழகு என்று ரசிக்கிறாள்.

அதற்குக் கீழே பூச்சிகளின் ராஜ்யம். அதில் பெரியது 'ஓமு'. சின்னக் குன்று அளவு உடம்பு, முகம் முழுக்கக் கண்கள். சாந்தமாக இருந்தால் கண் நீலம், கோபம் வந்தால் சிவப்பு. காட்டுக்கு யாராவது கெடுதல் செய்தால் கூட்டமாகக் கிளம்பி ஊர் ஊராக மிதித்துக்கொண்டு போகும். பசியாலும் களைப்பாலும் சாகும்வரை ஓடும். அது செத்து விழும் இடத்தில் அதன் உடம்பில் ஒட்டியிருக்கும் வித்து முளைக்கும். ஆக, காட்டை எரிக்கப் போனவன் ஊரையும் இழக்கிறான், அந்த ஊர் இருந்த இடத்தில் காடும் வந்துவிடுகிறது. கண் தெரியாத ஒரு கிழவி இதை ஊர்க்காரர்களுக்குச் சொல்கிறாள். ஒவ்வொரு தலைமுறையிலும் யாராவது ஒருத்தன் எரிக்கக் கிளம்புகிறான் என்பதும் அவள் சொல்வதில் இருக்கிறது.

இன்னும் கீழே காட்டின் தரை. அங்கே ஓமுக்கள் கூடு வைத்திருக்கும் ஏரி, பக்கத்தில் புதைமணல். அந்தப் புதைமணலில் நௌசிகாவும் ஒரு பையனும் மாட்டி உள்ளே போய்விடுகிறார்கள். செத்தோம் என்று நினைத்தவர்கள் கண் விழித்தால் காட்டுக்கு அடியில் ஒரு பெரிய குகை. மேலிருந்து சன்னமாக மணல் கொட்டிக்கொண்டிருக்கிறது. கல்லாய்ப் போன மரத்தண்டுகள் தூண் மாதிரி நிற்கின்றன. தெளிந்த தண்ணீர் ஓடுகிறது. முகமூடி இல்லாமலே மூச்சு விட முடிகிறது. அங்கேதான் அவளுக்குப் புரிகிறது. மேலே நிற்கும் மரங்கள் மண்ணின் விஷத்தை உறிஞ்சி, தங்கள் உடம்புக்குள் கெடுதல் இல்லாத படிகமாக்கி, பிறகு செத்துக் கல்லாகி, உதிர்ந்து மணலாகின்றன. பூச்சிகள் இந்த வேலை நடக்கும் இடத்துக்குக் காவல். ஆயிரம் வருஷமாக மனிதன் எதிரி என்று நினைத்த காடு அவன் செய்த அசிங்கத்தைத்தான் கழுவிக்கொண்டிருந்திருக்கிறது. அவள் அழுதுவிடுகிறாள். பக்கத்தில் பேத்தி இருந்ததால் நான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டேன்.

சாதாரணக் காட்டில் இந்த வரிசை தலைகீழ். மேல் மாடியில் வெயில், இலை, பழம், பறவை. கீழே போகப் போக நிழல், ஈரம், சருகு, அழுகல். அந்த அழுகல்தான் மறுபடி மேலே இலையாக ஏறுகிறது. மியாசாக்கி அழுகலைத் தூக்கி உச்சியில் வைத்தார், சுத்தத்தை அடியில் ஒளித்தார். கதைகளில் வரும் மந்திரக் காடுகளில் உள்ளே போகப் போக ஆபத்து கூடும். அரக்கனோ சூனியக்காரியோ நடுவில்தான் இருப்பார்கள். இவருடைய காட்டில் விளிம்புதான் கொடூரம், ஆழம் ஆறுதல்.

எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதற்கும் முன்னால் வருகிறது. அரண்மனைக்கு அடியில் நௌசிகாவுக்கு ஒரு ரகசிய அறை. அதில் தொட்டி தொட்டியாக அதே அழுகல் கடலின் செடிகளை வளர்க்கிறாள். ஆனால் காற்றாலை ஆழத்திலிருந்து இறைக்கும் நல்ல தண்ணீரும் நல்ல மண்ணும் கொடுத்து வளர்க்கிறாள். அந்தச் செடிகள் விஷம் விடவில்லை, ராட்சச அளவுக்கு வளரவும் இல்லை. ஆக, கெட்டது செடி கிடையாது, மண். ஊரே செடியைத் திட்டிக்கொண்டிருக்கும்போது ஒரு சின்னப் பெண் தண்ணீரையும் மண்ணையும் மட்டும் மாற்றி, மற்றதை எல்லாம் அப்படியே வைத்து, இரண்டையும் ஒப்பிட்டுப் பார்த்திருக்கிறாள். ஆய்வுக்கூடத்தில் புதிதாகச் சேரும் பையன்களுக்கு இதைப் புரிய வைக்க எனக்கு ஆறு மாதம் ஆகும். வாளும் வில்லும் வைத்திருக்கும் எத்தனையோ இளவரசிகளைப் படத்தில் பார்த்திருக்கிறோம். ஒப்பீட்டுச் சோதனை செய்யும் இளவரசியை நான் பார்த்தது இதில்தான்.

பிரியம் இவ்வளவு. இனி சண்டை.

படம் பார்த்து எழுந்ததும் மனசில் தங்கும் எண்ணம் என்ன? இயற்கை தானே சுத்தம் செய்துகொள்ளும், நாம் அதன் வழியில் குறுக்கே போகாமல் இருந்தால் போதும் என்பது. எவ்வளவு இதமான எண்ணம்! இந்த வார்த்தையை நான் வேலை பார்த்த காலத்தில் எத்தனை முறை கேட்டிருப்பேன் என்று கணக்கில்லை. எங்கள் பக்கம் பாலாற்றுப் படுகையில் டேனரிகள் இருப்பது உங்களுக்குத் தெரியும். நம் தாத்தா காலத்தில் ஆவாரம்பட்டை போட்டுத் தோல் பதனிட்டார்கள். 1970-களுக்குப் பிறகு குரோமியம் பெருகியது. பட்டைக் கழிவும் நாறும், ஆனால் மக்கும். குரோமியம் மக்காது. ஒரு கிணற்றுத் தண்ணீரின் ரிசல்ட்டை எடுத்துக்கொண்டு ஒரு பெரிய அதிகாரியிடம் போனேன். ஊர் வேண்டாம், பேர் வேண்டாம். தாளைப் பார்த்துவிட்டு, "ரெண்டு நல்ல மழை பெஞ்சா எல்லாம் கழுவிட்டுப் போயிடும் சார்" என்றார். மழை பெய்தது. அடுத்த சாம்பிளில் கொஞ்சம் குறைந்தது. அதற்கடுத்ததில் ஏறியது. 1996-ல் உச்ச நீதிமன்றம் வேலூர் மாவட்ட டேனரிகள் வழக்கில், கெடுத்தவனே செலவை ஏற்க வேண்டும் என்று தீர்ப்புச் சொன்ன பிறகுதான் மழையைப் பற்றிய பேச்சு கொஞ்சம் அடங்கியது.

நம் பெரியவர்கள், ஆறு ஓடினால் தானே தெளிந்துவிடும் என்று நம்பியதில் தப்பே இல்லை. அவர்கள் ஆற்றில் விட்டதெல்லாம் மாட்டுச்சாணம், சாம்பல், சோற்றுக் கஞ்சி. கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்கள் அதைத் தின்று முடித்துவிடும். உலோகம் அப்படி இல்லை. பாதரசம் பாதரசமாகவே இருக்கும், காரீயம் காரீயமாகவே இருக்கும். வடிவம் மாறலாம், கொடுமை கூடலாம் குறையலாம். அழிவது என்பது கிடையாது. ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் போகும், அவ்வளவுதான்.

செடிகள் விஷத்தை உறிஞ்சுவது கற்பனை இல்லை, உண்மை. நம் வெட்டிவேர் இருக்கிறதே, அதன் ஆங்கிலப் பேரே தமிழிலிருந்து போனதுதான். இன்றைக்கு உலகம் முழுக்கக் கழிவுநீரையும் கெட்டுப்போன மண்ணையும் சீர்செய்ய அதை நடுகிறார்கள். அதன் வேர் பத்தடிக்குக்கூட இறங்கும், காரீயம் போன்றவற்றைப் பெரும்பாலும் வேரிலேயே பிடித்து வைத்துக்கொள்ளும். 2001-ல் அமெரிக்காவில், புளோரிடாவில், மரத்துக்குப் பூசும் மருந்தால் ஆர்சனிக் ஏறிக் கெட்டுப்போன ஓர் இடத்தில் ஒருவகைப் பெரணி செழிப்பாக வளர்வதைக் கண்டுபிடித்தார்கள். அது மண்ணில் இருக்கும் ஆர்சனிக்கை இழுத்து இலையில் ஏற்றி வைத்துக்கொள்கிறது. மியாசாக்கி அழுகல் கடலைக் கற்பனை செய்து வெகுநாள் கழித்து இது வந்தது. அந்த மட்டில் அவருக்கு ஒரு கும்பிடு.

ஆனால் அந்தப் பெரணி செத்து உதிர்ந்தால் என்ன ஆகும்? ஆர்சனிக் திரும்ப மண்ணுக்கே வரும். ஆகவே யாராவது அரிவாளை எடுத்துக்கொண்டு போய் அதை அறுக்க வேண்டும், அறுத்ததை மாடு தின்னாமல் பார்த்துக்கொள்ள வேண்டும், பத்திரமான ஓர் இடத்தில் கொண்டுபோய் வைத்துக் காவல் காக்க வேண்டும். செடி செய்வது பாதி வேலை. மீதியைச் செய்ய ஆள் வேண்டும், பணம் வேண்டும், முப்பது நாற்பது வருஷம் சலிக்காத ஓர் ஆபீஸ் வேண்டும். படத்தில் இந்த மீதிப் பாதி காணோம். விஷம் படிகமாகிறது, படிகம் மணலாகிறது, மணலில் விரல் விட்டு அளையலாம். கதைக்குச் சரி. கிணற்றடியில் குடத்தோடு நின்று, "இந்தத் தண்ணி எப்ப சார் நல்லாகும்?" என்று கேட்ட பெண்ணிடம் இதைச் சொல்ல முடியுமா?

மியாசாக்கிக்கு இது தெரியாமல் இருந்திருக்காது. ஏனென்றால் இந்தக் காட்டின் விதை விழுந்த இடங்களில் ஒன்று மினமாட்டா. அவரே அதைப் பற்றிப் பேசியிருக்கிறார். தெற்கு ஜப்பானில், கியூஷூ தீவில், கடலோர ஊர். அங்கே சிஸ்ஸோ என்ற ரசாயனத் தொழிற்சாலை பாதரசம் கலந்த கழிவை வளைகுடாவில் விட்டுக்கொண்டிருந்தது. நுண்ணுயிரிலிருந்து சிப்பிக்கும் மீனுக்கும், மீனிலிருந்து பூனைக்கும் மனிதனுக்கும் ஏறியது. பூனைகள் பைத்தியம் பிடித்த மாதிரி ஆடிச் செத்தன. மனிதர்களுக்குக் கை கால் நடுங்கியது, பேச்சுக் குழறியது, பார்வை சுருங்கியது. தாயின் வயிற்றில் இருந்த குழந்தைகளையும் அது விடவில்லை. 1956 மே மாதம் இந்த நோய் அதிகாரபூர்வமாகப் பதிவானது. கழிவு விடுவது நின்றது 1968-ல். பன்னிரண்டு வருஷம்! அந்த மீனை யாரும் வாங்கமாட்டார்கள் என்று ஆனதும் வலை போடுவது நின்றது, வலை நின்றதும் வளைகுடாவில் மீன் பெருகியது. உடம்பில் விஷத்தைச் சுமந்துகொண்டே மீன்கள் கூட்டம் கூட்டமாகத் திரிந்தன. மனிதன் போக முடியாத இடத்தில் மற்ற உயிர்கள் செழிக்கின்றன என்ற எண்ணம் அங்கேதான் அவரைப் பிடித்துக்கொண்டது.

இப்போது அந்த வளைகுடாவின் அடுக்குகளைப் பாருங்கள். கடலடிச் சேற்றில் பாதரசம் கனமாகக் கிடந்தது. 1977-ல் வேலையைத் தொடங்கினார்கள். பாதரசம் மிகுந்த சேற்றைக் கடலின் ஒரு மூலைக்கு உறிஞ்சிக் கொண்டுவந்து, இரும்புத் தகடுகளால் கரை கட்டி அடைத்து, மேலே நல்ல மண் போட்டு மூடினார்கள். 1990-ல் முடித்தபோது 58 ஹெக்டேர் புது நிலம் உண்டாகியிருந்தது. நம் கணக்கில் கிட்டத்தட்ட 143 ஏக்கர். வளைகுடாவின் குறுக்கே கெட்ட மீன் வெளியே போகாதபடி வலை கட்டியிருந்தார்கள். அந்த வலையை எடுத்தது 1997-ல்தான். உள்ளே சிக்கிய மீன்களைப் பிடித்து டிரம்களில் அடைத்து அந்த நிலத்துக்கு அடியிலேயே புதைத்தார்கள். அந்த நிலம் இன்று பூங்கா. ரோஜாத் தோட்டம் இருக்கிறது, விளையாட்டு மைதானம் இருக்கிறது. கடலைப் பார்த்தபடி சின்னச் சின்னக் கல் சிலைகள் இருக்கின்றன. பாதிக்கப்பட்டவர்களும் மற்றவர்களும் தங்கள் கையாலேயே செதுக்கி வைத்தவை.

ஆக, படத்தில் மேலே விஷம், கீழே நல்ல தண்ணீர். மினமாட்டாவில் மேலே ரோஜா, கீழே பாதரசம். கதையைப் பார்த்துவிட்டு நிஜத்தைப் படித்தபோது எனக்குத் தலையைத் திருப்பி வைத்த மாதிரி இருந்தது. இரும்புத் தகடு துருப்பிடிக்கிற சாமான். பூகம்ப நாடு வேறு. யாராவது அந்தக் கரையைத் தினமும் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும், அந்த வேலைக்கு முடிவு தேதி கிடையாது. நௌசிகாவின் காட்டில் ஓமுக்கள் சம்பளம் இல்லாமல் பார்க்கும் வேலை இது.

மியாசாக்கியின் மேல் எனக்கு இருந்த சண்டை பாதி தீர்ந்தது, அவர் இதே கதையைச் சித்திரக்கதையாக எழுதியதைப் படித்த பிறகு. ஏழு பெரிய புத்தகங்கள், பேத்தி ஆங்கிலத்தில் வாங்கி அனுப்பினாள். இடமிருந்து வலமாகப் படிக்கிற நமக்கு, வலமிருந்து இடமாகப் போகும் அந்தக் கட்டங்கள் பழக நாலு நாள் ஆயிற்று. கண் ஆபரேஷன் செய்துகொண்டவர்கள் பூதக்கண்ணாடியோடு உட்காருங்கள். 1982 பிப்ரவரியில் ஒரு பத்திரிகையில் ஆரம்பித்தவர், நடுநடுவே நிறுத்தி நிறுத்தி, 1994 மார்ச்சில்தான் முடித்தார். படம் வந்தபோது கதை தொடக்கத்தைத் தாண்டிக் கொஞ்ச தூரம்தான் போயிருந்தது. பத்து வருஷம் கழித்து முடிக்கும்போது படத்தின் ஆறுதலை அவரே உடைத்துவிட்டார்.

எப்படி என்று சொல்கிறேன். முடிவு தெரிய வேண்டாம் என்பவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிவிடுங்கள்.

அந்தக் காடு தானாக முளைத்ததே இல்லை. ஆயிரம் வருஷத்துக்கு முன்னால் உலகத்தைக் கெடுத்த அதே மனிதர்கள்தான், போகிற போக்கில், பூமியைக் கழுவ ஒரு கருவியாக அதைச் செய்து வைத்துவிட்டுப் போனார்கள். காடு மட்டும் இல்லை. இப்போது வாழும் மனிதர்களின் உடம்பையும் விஷத்தைத் தாங்கும்படி மாற்றி வைத்திருக்கிறார்கள். விஷத்துக்குப் பழகிய உடம்பு, சுத்தமான காற்றில் வாழாது. காட்டுக்கு அப்பால் நிஜமாகவே பச்சைப் புல் முளைத்த நல்ல பூமி இருக்கிறது. ஆனால் நௌசிகாவின் ஜனங்கள் அங்கே போனால் ரத்தம் கக்கிச் சாவார்கள். சுத்தம் முடிந்த பிறகு வாழ வேண்டிய மனிதர்கள் வேறு. அவர்கள் முட்டைகளாக ஒரு பெரிய கல்லறைக் கட்டடத்துக்குள் பத்திரமாகத் தூங்குகிறார்கள். சண்டை போடாத, சாந்தமான, குறை இல்லாத மனிதர்கள். இப்போது இருப்பவர்கள் துடைப்பம் மட்டுமே. வீடு சுத்தமானதும் துடைப்பத்தை மூலையில் போட்டுவிடலாம். நௌசிகா அந்தக் கல்லறையை இடித்துவிடுகிறாள்.

இடித்தது சரியா? பேத்தி சரி இல்லை என்கிறாள். "அதுல இருந்த அறிவு எல்லாம் போச்சே தாத்தா, அந்த உடம்பை மாத்துற வித்தையும் போச்சு, அவங்க ஜனங்களைக் காப்பாத்த வேற வழியே இல்லையே" என்று போனில் அரை மணி நேரம் வாதாடினாள். அவள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. என்றாலும் நான் நௌசிகாவின் பக்கம். நாளைக்கு வரப்போகும் நல்ல ஜனங்களுக்காக இன்றைக்கு இருப்பவர்களைக் கழிவாக எண்ணும் திட்டம் எதுவானாலும், அதைப் போட்டவன் எவ்வளவு பெரிய அறிவாளியானாலும், எனக்கு அந்த அதிகாரியின் முகம்தான் தெரிகிறது. இரண்டு மழைக்கு நடுவில் அந்தக் கிணற்றில் குடிப்பவர்கள் அவர் கணக்கில் வரவில்லை. கல்லறையில் இருப்பவர்களின் கணக்கும் அதே கணக்கு. அவர்கள் மழைக்குப் பதில் காட்டை வைத்தார்கள்.

படத்திலேயே இதற்கு ஒரு சின்னக் குரல் உண்டு, பலர் கவனிக்காமல் விட்டுவிடுவார்கள். குகையில் நௌசிகா நெகிழ்ந்து நிற்கும்போது அந்தப் பையன் சொல்கிறான்: சுத்தமாக எத்தனை ஆயிரம் வருஷம் ஆகுமோ, அதுவரை பூச்சிக்கும் விஷக்காற்றுக்கும் பயந்து வாழ முடியாது என்று. அவன் சொந்த ஊரைப் பூச்சிகள் மிதித்து அழித்தவை. அதைச் செய்ததே அவனுடைய ஆட்கள்தான், ஊருக்குள் இருந்த எதிரிப் படையை ஒழிக்க ஓமுக்களை அவர்களே வரவழைத்தார்கள். அடியில் தண்ணீர் எவ்வளவு தெளிவாக இருந்தாலும், மேலே இருப்பவனுக்கு இன்றைக்கு மூச்சு விட வேண்டும். காட்டை எரிக்கத் துடிக்கும் இளவரசி குஷானாவைக்கூட மியாசாக்கி வெறும் வில்லியாக வரையவில்லை. பூச்சிகளிடம் தன் உடம்பில் பாதியைப் பறிகொடுத்தவள் அவள். எரிப்பது தப்பு என்று நௌசிகாவுக்குத் தெரியும், ஆனால் எரிக்க நினைப்பவளின் வலி அவளுக்குப் புரிகிறது. அரைமணி நேரம் விவாதம் பார்த்தால் அரைமணி நேரமும் கத்துகிற இன்றைய டிவி ஆசாமிகளுக்கு இந்தக் குணம் கொஞ்சம் ஒட்டினால் தேவலை.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். பள்ளத்தாக்குக்காரர்களுக்கும் அந்தக் காட்டுக்கும் இடையில் தினசரி ஒரு வேலை இருக்கிறது. காற்றில் ஒரு வித்து வந்து ஊர் மரத்தில் ஒட்டினாலும் தேடிப் பிடித்துச் சுட்டுப் பொசுக்குகிறார்கள். அந்தக் கிழவர்களின் கைகள் விஷத்தால் கல் மாதிரி கெட்டிப்பட்டுப் போயிருக்கும். அந்தக் கைகள் உழைக்கிற கைகள், அழகான கைகள் என்று நௌசிகா சொல்வாள் என்று ஒரு கிழவர் பெருமையோடு நினைவுகூர்கிறார். மந்திரக் காட்டின் எல்லா அடுக்குகளையும்விட எனக்கு இந்த விளிம்பு அடுக்குதான் நெருக்கம். காடு பெரிய வேலையைச் செய்கிறது, சரி. ஆனால் ஊர் பிழைத்திருப்பது, காலையில் எழுந்து ஒவ்வொரு மரமாகத் தடவிப் பார்க்கும் இந்தக் கிழவர்களால்தான். என்னோடு வேலை பார்த்த ஒரு உதவியாளர் ஞாபகத்துக்கு வந்தார். இருபத்தைந்து வருஷம் சைக்கிளில் பெட்டி கட்டிக்கொண்டு ஊர் ஊராகப் போய்ச் சாம்பிள் எடுத்து வந்தவர். அமிலம் பட்டுப் பட்டு அவர் விரல் நுனிகள் மழமழவென்று ஆகிவிட்டிருந்தன. பென்ஷன் ஆபீசில் கைரேகை வைக்கச் சொன்னபோது மிஷின் எடுக்கவில்லை.

பார்க்க விரும்புகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. 1985-ல் இந்தப் படத்தை அமெரிக்காவில் இருபது நிமிஷத்துக்கு மேல் வெட்டி, பேரை மாற்றி, வெறும் சண்டைப் படமாக வெளியிட்டார்கள். அதில் காட்டின் அர்த்தமே போய்விட்டது. அந்தக் கோபத்தில்தான் மியாசாக்கியின் ஆட்கள் பிற்பாடு வெளிநாட்டுக்குக் கொடுக்கும்போது ஒரு கத்தரிப்பும் கூடாது என்று பிடிவாதமாக நின்றார்கள். ஆகவே முழுப்படமா என்று கேட்டு வாங்குங்கள். ஜப்பானியப் பேச்சோடு, கீழே ஆங்கில எழுத்து வருவது போலப் போடச் சொல்லுங்கள், பேரப்பிள்ளைகளுக்குத் தெரியும். படம் முடிந்து பேர்கள் ஓடும்போது எழுந்துவிடாதீர்கள். கடைசியில் அந்தக் குகை மணல் மறுபடி ஒரு கணம் வருகிறது. நௌசிகா தவறவிட்ட தொப்பி, அதன் பக்கத்தில் ஒரு கொட்டை முளைத்து நிற்கிறது. நல்ல மண்ணும் நல்ல தண்ணீரும் கிடைத்த பச்சை இலை.